வாசகர் கேள்விகள்: காலத்தை நெய்பவர்கள்

சென்ற மாத இதழில் வெளிவந்த என் சிறுகதையில், பகலையும் இரவையும் இழைகளாகக் கொண்டு காலத்தையே ஆடையாக நெய்யும் கைவினைஞர் சங்கம் ஒன்று வந்தது. ஊருக்கு ஒரு தறி, நாளுக்கு ஓர் இழை. ஊரே உறங்கினாலும் தறி உறங்கக் கூடாது என்பது அச்சங்கத்தின் விதி. தந்தையை இழந்த பயிற்சிப் பெண் ஒருத்தி, அவர் இறந்த நாளுக்குரிய ஊடை இழையை, அதாவது குறுக்கு இழையை, ஒரே இழுப்பில் உருவி எடுப்பதோடு கதை முடிந்தது. அதையொட்டி வந்த கடிதங்களில், சங்கத்தையும் தொழிலையும் பற்றிக் கேட்டவற்றுக்கு மட்டும் இங்கே பதில் எழுதுகிறேன். தந்தை திரும்பி வந்தாரா இல்லையா என்று கேட்டவர்கள் பொறுத்தருள வேண்டும். அது எனக்கும் தெரிந்திருந்தால் கதையில் எழுதியிருப்பேன்.

கேள்வி: காலத்தை நெய்வது என்னும் கற்பனை மேலைநாட்டுப் புராணங்களிலிருந்து எடுக்கப்பட்டது என்று என் நண்பர்கள் சொல்கிறார்கள். உண்மையா? (கல்லூரி மாணவர், திருநெல்வேலி)

இல்லை. நான் எடுத்த இடம் மகாபாரதத்தின் ஆதிபருவம். பாரதத்தை நாம் பெரும்பாலும் சூதாட்டத்திலிருந்து குருக்ஷேத்திரம் வரை நினைவில் வைத்திருக்கிறோம். அதன் வாசலிலேயே உதங்கர் என்னும் மாணவரின் கதை இருப்பதைப் பலர் கவனிப்பதில்லை. கல்வி முடித்த உதங்கரிடம், குருவின் மனைவி பௌஷ்ய மன்னனின் அரசி அணிந்திருக்கும் குண்டலங்களைக் காணிக்கையாகக் கேட்கிறார். அரசியும் மனமுவந்து கொடுக்கிறாள். திரும்பி வரும் வழியில் தட்சகன் என்னும் நாகன் அவற்றைக் கவர்ந்துகொண்டு பாதாளத்திற்குள் மறைய, உதங்கர் அவனைத் தொடர்ந்து நாகலோகத்திற்குள் இறங்குகிறார். அங்கே நாகர்களைத் துதித்துப் பார்த்தும் குண்டலங்கள் கிடைக்காமல் அவர் கலங்கி நிற்கும்போதுதான், தறியில் அமர்ந்து கறுப்பும் வெள்ளையுமான இழைகளைக் கொண்டு ஓர் ஆடையை நெய்துகொண்டிருக்கும் இரண்டு பெண்கள் அவர் கண்ணில் படுகிறார்கள். அருகில் பன்னிரண்டு ஆரங்கள் கொண்ட ஒரு சக்கரத்தை ஆறு சிறுவர்கள் சுழற்றிக்கொண்டிருக்கிறார்கள்.

பின்னர் குண்டலங்களை மீட்டுக்கொண்டு வந்தபிறகு, தாம் கண்டவற்றின் பொருளை அவர் குருவிடம் கேட்கிறார். அப்பெண்கள் தாதாவும் விதாதாவும் என்றும், கறுப்பும் வெள்ளையும் இரவும் பகலும் என்றும், சக்கரம் ஆண்டு என்றும், ஆறு சிறுவர்கள் ஆறு பருவங்கள் என்றும் குரு விளக்குகிறார். தாதா, விதாதா என்பவை வடமொழியில் ஆண்பாற் பெயர்கள். தறியில் அமர்ந்திருப்பவர்களோ பெண்கள். உரைகாரர்கள் இதற்கு என்ன சமாதானம் சொன்னாலும், நெசவைக் கண்டவுடன் பெண்களின் கையை நினைத்த கவியின் மனத்தில் இலக்கணம் சற்று ஒதுங்கி நின்றது என்றே எனக்குத் தோன்றுகிறது. உதங்கர் அங்கே பாடும் துதியில் முந்நூற்று அறுபது என்ற எண்ணும், சக்கரத்தின் இருபத்து நான்கு கணுக்களும் வருகின்றன. முன்னது ஆண்டின் நாட்கள். பின்னது வளர்பிறை, தேய்பிறை என்னும் பட்சங்கள். எண்ணிக்கை தவறாத ஒரு பட்டறையின் கணக்கைப்போலவே இருக்கிறது.

இதற்கும் முந்தியது அதர்வ வேதத்தின் பத்தாம் காண்டத்தில் உள்ள ஸ்கம்ப சூக்தம். வெவ்வேறு உருவம் கொண்ட இரண்டு இளம்பெண்கள் ஆறு முளைகளில் விரித்த பாவினை, அதாவது நெடுக்கு இழைகளை, மாறி மாறி நெய்கிறார்கள்; ஒருத்தி இழையை இழுக்கிறாள், மற்றவள் அதை அமர்த்துகிறாள்; அவர்கள் இழையை அறுப்பதும் இல்லை, முடிவைக் காண்பதும் இல்லை.

மேலைநாட்டுக் கதைகளைப் பார்த்தால், கிரேக்கர்களின் விதித் தேவதையர் மூவரும் நெசவாளர்களே அல்லர். குளோத்தோ நூற்கிறாள், லாக்கெசிஸ் அளக்கிறாள், அட்ரோப்பொஸ் அறுக்கிறாள். தறி அங்கே இல்லை. ஐஸ்லாந்தின் பழங்கதையான நியால் சாகாவில் வரும் ஒரு பாடலில் தறி உண்டு. ஆனால் அது அச்சமூட்டும் தறி. 1014ஆம் ஆண்டு அயர்லாந்தில் நடந்த குளோன்டார்ஃப் போரை ஒட்டி, வல்கீரிகள் என்னும் போர்த்தேவதையர் மனிதக் குடல்களைப் பாவாகவும் மனிதத் தலைகளைப் பாவில் கட்டிய எடைகளாகவும் கொண்டு போரின் முடிவை நெய்கிறார்கள். கிரேக்கக் கதையில் நூல் ஒரு தனிமனிதனின் ஆயுள். இந்தப் பாடலில் துணி ஒரு போர். உதங்கர் கண்ட தறியிலோ யாருடைய விதியும் தீர்மானிக்கப்படவில்லை. அனைவருக்கும் பொதுவான நாள் மட்டுமே நெய்யப்படுகிறது. யாரையும் தண்டிக்காத, யாருக்கும் சலுகை காட்டாத ஒரு சங்கத்தை எழுத விரும்பியதால்தான் நான் நாகலோகத்தின் பக்கம் போனேன்.

கேள்வி: தமிழிலக்கியத்தில் இத்தகைய கற்பனை உண்டா? (வாசகி, சேலம்)

காலத்தைத் துணியாகக் கண்ட பாட்டு என் வாசிப்பில் கிடைக்கவில்லை. நம் முன்னோர் துணியாகக் கண்டது நூலை, அதாவது புத்தகத்தை. சொல்லைப் பஞ்சாகவும், செய்யுளை இழையாகவும், புலவனை நூற்கும் பெண்ணாகவும், அவன் வாயைக் கையாகவும், அறிவைக் கதிராகவும் உருவகித்து, நூல் என்னும் பெயருக்கு நன்னூல் சொல்லும் விளக்கத்தைப் பள்ளியில் படித்திருப்பீர்கள். காலம் என்று வரும்போது வள்ளுவருக்கு நினைவு வந்தது தறியன்று, மரம் அறுக்கும் வாள், அதாவது ரம்பம். "நாளென ஒன்றுபோற் காட்டி உயிரீரும் வாள துணர்வார்ப் பெறின்" என்கிறார். நாள் என்பது ஒரு அளவுபோலத் தோன்றினாலும் உயிரைச் சிறிது சிறிதாக அறுத்துக்கொண்டிருக்கும் வாள் அது. அவரை நெசவாளர் என்று சொல்லும் வழக்கு உண்மையானால், தம் தறியை விட்டுவிட்டுத் தச்சரின் பட்டறையிலிருந்து உவமையை எடுத்தார் என்பது வியப்புக்குரியது.

காலத்தையே தொழிலாகக் கொண்ட ஒரு குழு மட்டும் சங்க இலக்கியத்தில் உண்டு. முல்லைப்பாட்டில் பாசறையில் இருக்கும் அரசனிடம், "பொழுதளந் தறியும் பொய்யா மாக்கள்" வந்து, கன்னல் என்னும் நீர்க்கருவியில் கழிந்த பொழுது இவ்வளவு என்று அறிவிக்கிறார்கள். அவர்கள் அளப்பவர்கள், நெய்பவர்கள் அல்லர். ஆயினும் "பொய்யா" என்ற அடைமொழியை என் கதைச் சங்கத்தின் முதல் விதியாக வைத்துக்கொண்டேன்.

கேள்வி: நெசவாளர் சங்கம் ஒன்றுக்கும் காலத்திற்கும் தொடர்பு இருந்ததாக வரலாற்றில் ஏதேனும் சான்று உண்டா, அல்லது எல்லாம் கற்பனைதானா? (ஓய்வு பெற்ற ஆசிரியர், தஞ்சாவூர்)

இந்தக் கேள்விக்காகவே இம்மாதப் பகுதியை எழுத உட்கார்ந்தேன் என்று சொல்லலாம். என் கற்பனையைவிட உண்மை எனக்குப் பெரிதாகத் தெரிந்த இடம் இது.

மத்தியப் பிரதேசத்தில் இன்று மந்த்சௌர் எனப்படும் ஊர் அக்காலத்தில் தசபுரம். குஜராத்தின் லாட நாட்டிலிருந்து பட்டு நெசவாளர்களின் சிரேணி ஒன்று, குடும்பங்களோடும் உறவினர்களோடும் அங்கே குடிபெயர்ந்தது. சிரேணி என்பது ஒரே தொழில் செய்வோர் கூடித் தமக்கென விதிகளும் தலைமையும் வகுத்துக்கொண்ட அமைப்பு. முதலாம் குமாரகுப்தனின் ஆட்சிக்காலத்தில், அவனுக்குட்பட்டு பந்துவர்மன் தசபுரத்தை ஆண்டபோது, அந்தச் சிரேணி தன் தொழிலில் ஈட்டிய செல்வத்தைக் கொண்டு ஒரு கோயில் கட்டியது. அது சூரியனின் கோயில். நாளை உண்டாக்குபவனுக்கு நெசவாளர் எடுத்த கோயில் என்பதை நான் கதையில் எழுதியிருந்தால், வலிந்து பொருத்தியதாக நீங்களே கடிந்திருப்பீர்கள்.

அந்தக் கோயிலைப் பற்றிய கல்வெட்டை இயற்றியவர் வத்ஸபட்டி என்னும் கவிஞர். மிக முயன்று இயற்றியதாக அவரே சொல்லிக்கொள்கிறார். படித்தால் அந்த முயற்சி தெரியத்தான் செய்கிறது. இளமையும் அழகும் உடைய பெண், பொன்னும் பூவும் வெற்றிலையும் கொண்டு ஒப்பனை செய்திருந்தாலும், பட்டாடை இரண்டை உடுத்தாமல் காதலனைக் காணச் செல்ல மாட்டாள் என்று அதில் ஒரு செய்யுள் வருகிறது. விளம்பரத் துறையினர் பொறாமைப்படக்கூடிய வரி. ஆனால் நம் கேள்விக்கு வேண்டியது வேறொரு பகுதி. புது ஊருக்கு வந்த நெசவாளர்களில் சிலர் வில்வித்தையிலும் சிலர் கதை சொல்வதிலும் ஈடுபட்டனர். சிலர் தம் தொழிலிலேயே சிறந்து நின்றனர். சிலர் சோதிடத்தில், அதாவது வான்கணிதமும் நாட்கணக்கும் சேர்ந்த சாத்திரத்தில், தேர்ச்சி பெற்றனர் என்று கல்வெட்டு சொல்கிறது. ஒரே சிரேணியில் ஒருவர் ஊடை போட, மற்றொருவர் திதி கணித்திருக்கிறார்.

கல்வெட்டு தரும் நாட்கணக்கும் அத்தகைய கவனத்தோடு இருக்கிறது. கோயில் நிறுவப்பட்டது மாளவ ஆண்டு 493இல், பௌஷ மாதத்து வளர்பிறைப் பதின்மூன்றாம் நாளில். நம் கணக்கில் கி.பி. 437ஐ ஒட்டிய காலம். பின்னர் அதன் ஒரு பகுதி சிதைந்தபோது, அதே சிரேணி மாளவ ஆண்டு 529இல் அதைப் புதுப்பித்தது. இடையில் 36 ஆண்டுகள். ஆண்டவர்கள் மாறியிருந்தார்கள், முதலில் கட்டியவர்களில் எத்தனை பேர் உயிரோடு இருந்திருப்பார்கள் என்பதும் ஐயம்தான். இருந்தும் கட்டியவரும் புதுப்பித்தவரும் ஒருவரே என்று கல்வெட்டு கூசாமல் சொல்ல முடிகிறது, ஏனென்றால் இரண்டையும் செய்தது சிரேணி.

இதே இயல்பை நம்பிப் பணத்தைக் கொடுத்த ஒருவரைப் பற்றி நாசிக் குகையில் ஒரு கல்வெட்டு இருக்கிறது. க்ஷத்ரப மன்னன் நகபானனின் மருமகன் உஷவதாதன், ஏறத்தாழ 1900 ஆண்டுகளுக்கு முன், கோவர்த்தனம் என்னும் ஊரின் நெசவாளர் சிரேணி ஒன்றில் கார்ஷாபணம் என்னும் காசுகள் 2000த்தையும், மற்றொரு நெசவாளர் சிரேணியில் 1000 கார்ஷாபணங்களையும் வைப்பாக இட்டான். முன்னதற்கு மாதம் நூற்றுக்கு ஒன்று வட்டி. பின்னதற்கு நூற்றுக்கு முக்கால். முதலைத் திருப்பித் தர வேண்டியதில்லை, வட்டியை மட்டும் தர வேண்டும். குகையில் மழைக்காலத்தில் தங்கும் துறவியர் இருபது பேருக்கு, ஆளுக்குப் பன்னிரண்டு காசு ஆடைப் பணமாக அந்த வட்டியிலிருந்து கொடுக்க வேண்டும். கணக்கைப் போட்டுப் பாருங்கள்: 2000க்கு மாதம் 20, ஆண்டுக்கு 240, இருபது பேருக்குப் பன்னிரண்டு வீதம் அதே 240. ஒரு காசு மிச்சமில்லை. ஊர்ச்சபையில் அறிவித்து, ஆவணமாகப் பதிந்தும் வைத்திருக்கிறார்கள்.

இத்தகைய வைப்புக்குப் பெயர் அட்சயநீவி. தீராத முதல் என்பது பொருள். நீவி என்ற சொல்லுக்கு ஆடையை இடுப்பில் செருகும் முடிச்சு என்றும் பொருள் உண்டு. நெசவாளரிடம் கொடுத்த முதலுக்கு அவிழாத முடிச்சு என்று பெயர் அமைந்தது தற்செயலாகவே இருக்கலாம். எனக்கு அதை அப்படியே விட்டுவிட மனமில்லை. நம் சோழர் காலக் கல்வெட்டுகளில் நந்தா விளக்குக்கு 96 ஆடுகளைக் கொடுத்து அவற்றைச் "சாவா மூவாப் பேராடு" என்று எழுதியதும் இதே சிந்தனைதான். ஆடு சாகும், மந்தையின் எண்ணிக்கை சாகாது. நெசவாளர் இறப்பார், சிரேணி கடனைத் தொடர்ந்து கொடுக்கும். "சந்திராதித்தவர்", அதாவது நிலவும் கதிரவனும் உள்ளவரை, என்று ஒரு தொழிற்குழு வாக்குக் கொடுத்தால், அதைக் காலத்தை நெய்யும் சங்கம் என்று அழைப்பதில் எனக்குத் தயக்கமில்லை.

கேள்வி: கடிகாரம் செய்பவர்களுக்குச் சங்கம் இருந்ததே, அதைக் கதையில் பயன்படுத்தியிருக்கலாமே? (வாசகர், கோயம்புத்தூர்)

இருந்தது. லண்டன் கடிகாரக் கைவினைஞர்கள் 1631இல் முதலாம் சார்லஸ் மன்னரிடம் சாசனம் பெற்றுத் தனிச் சங்கம் அமைத்தார்கள். ஜெனீவாவில் 1601இலேயே அமைந்துவிட்டது. ஆனால் அதே லண்டனில் நெசவாளர் சங்கம் 1155ஆம் ஆண்டிலேயே சாசனம் பெற்றுவிட்டது. 476 ஆண்டு மூத்தவர்களுக்கு நான் முதலிடம் கொடுத்தேன், அவ்வளவுதான்.

கேள்வி: ஐயா, நான் காஞ்சிபுரத்தில் முப்பது ஆண்டுகளாகப் பட்டுத்தறியில் உட்காருபவன். உங்கள் கதையில் அந்தப் பெண் நெய்த துணியின் நடுவிலிருந்து ஒரு நாளின் ஊடையை ஒரே இழுப்பில் உருவுகிறாள். எந்த நெசவாளரிடமாவது கேட்டுவிட்டு எழுதினீர்களா? இன்னொன்று: அந்தச் சங்கத்தில் கூலி நாள் கணக்கா, சேலைக் கணக்கா?

ஐயா, கேட்கவில்லை. தவறு என்னுடையது. தங்கள் கடிதம் வந்த பிறகு, பட்டுத்தறி உள்ள ஒரு வீட்டுக்குச் சென்று, குழியில் கால் வைத்து அமர்ந்திருந்தவரின் அருகில் ஒரு பிற்பகல் முழுவதும் இருந்து பார்த்தேன். அப்போதுதான் என் கதையின் முடிவு தறியைப் பார்க்காதவன் எழுதிய முடிவு என்பது விளங்கியது.

வாசகர்களுக்காகச் சொல்கிறேன். பாவின் ஊடே இங்குமங்கும் ஓடும் நாடாவுக்குள் இருக்கும் தார் என்னும் நூற்சுருளிலிருந்து வரும் ஊடை, ஒவ்வொரு முறையும் தனித்தனித் துண்டாகப் போவதில்லை. வலப்பக்கம் போய், ஓரத்தில் திரும்பி, அதே இழை இடப்பக்கம் வருகிறது. ஆகவே நடுவில் உள்ள ஓர் ஊடையைப் பிடித்து இழுத்தால், அதன் முன்னதும் பின்னதும் சேர்ந்து சுருங்கும். இரு ஓரங்களிலும் வெட்டினால் ஒழிய அது தனியே வராது. வெட்டி எடுத்தாலும் அந்த இடத்தில் துணி முழுவதும் குறுக்காக ஒரு வெற்றுக்கோடு தெரியும். உடலும் கரையும் வெவ்வேறு நாடாக்களால் நெய்யப்பட்டு ஒன்றோடொன்று கோக்கப்படும் கோர்வைச் சேலையில் இது இன்னும் இயலாத காரியம். முறைப்படி எடுக்க வேண்டுமானால், கடைசியாகப் போட்ட ஊடையிலிருந்து தொடங்கி, மிதிகளை நெய்த வரிசைக்குத் தலைகீழாக மிதித்து, ஒவ்வொன்றாக உருவிக்கொண்டே பின்னோக்கிப் போக வேண்டும். தந்தை இறந்த நாளை எடுக்க, அதற்குப் பின் வந்த நாட்கள் அனைத்தையும் அவள் முதலில் எடுத்திருக்க வேண்டும். அதற்குள் பாவு இழைகள், தாம் கோக்கப்பட்டிருக்கும் அச்சிலும் விழுதிலும் மீண்டும் மீண்டும் உரசி நைந்திருக்கும்.

ஹோமரின் ஒடிசியில், கணவனுக்காகக் காத்திருக்கும் பெனலோப்பி, மாமனாருக்குரிய பிணப்போர்வையைப் பகலில் நெய்து இரவில் பிரித்து மூன்று ஆண்டுகள் காலத்தை நிறுத்திவைக்கிறாள். அவள் அன்றன்றைக்கு நெய்ததை அன்றிரவே பிரித்தாள் என்பதன் நுட்பம் இப்போதுதான் எனக்குப் புரிகிறது. ஒரு வாரம் விட்டுவைத்திருந்தால் ஓரிரவில் பிரிக்க அவளால் முடிந்திருக்காது. ஹோமருக்குத் தறி தெரிந்திருக்கிறது; எனக்குத் தெரியவில்லை.

அந்த வீட்டில் நான் கண்ட இன்னொரு வேலையைப் பற்றியும் சொல்ல வேண்டும். பாவு தீரும் நேரத்தில் அதை அடியோடு அறுத்துவிட்டுப் புதிதாகத் தொடங்குவதில்லை. அச்சிலும் விழுதிலும் பழைய பாவின் நுனிகளை அப்படியே விட்டுவைத்து, புதுப் பாவின் சில ஆயிரம் இழைகளையும் ஒன்றோடொன்று விரலால் முறுக்கிப் பிணைக்கிறார்கள். பிணைத்தவர் அவ்வீட்டு மூதாட்டி. கண்ணால் பார்த்ததைவிட விரலால் பார்த்தது அதிகம். என் கதை நூலாகும்போது அந்தப் பெண் இழையை உருவ மாட்டாள். பாவு தீர்ந்த தறியின் முன் அமர்ந்து பிணைத்துக்கொண்டிருப்பாள்.

கூலியைப் பற்றிக் கேட்டீர்கள். காலத்தைக் கையாளும் சங்கத்திற்கு விதிகள் பல எழுதிய நான், கூலிக்கு ஒரு வரியும் எழுதவில்லை என்பதைப் பார்த்து வெட்கப்பட்டேன். அர்த்தசாத்திரம் எழுதியவர் அதை மறக்கவில்லை. நெசவுத் தொழிலைக் கண்காணிக்கும் சூத்திராத்தியட்சன் என்னும் அதிகாரி, நூல் மெல்லியதா, பருமனானதா, நடுத்தரமா என்று பார்த்தும், அளவைப் பார்த்தும் கூலி வகுக்க வேண்டும்; திருநாட்களில் வேலை வாங்கினால் தனியே பரிசு கொடுக்க வேண்டும்; விடியற்காலையில் நூல் கொண்டுவரும் பெண்களிடம் நூலைச் சோதிக்க மட்டுமே விளக்கு வைத்துக்கொள்ளலாம்; அவர்களின் முகத்தைப் பார்த்தாலோ, வேறு பேச்சுப் பேசினாலோ அபராதம். கூலி கொடுக்கும் காலத்தைத் தாண்டவிட்டால் அதைவிடப் பெரிய அபராதம்.

தங்கள் தொழிலில் சேலைக் கணக்கே வழக்கம் என்றும், தார் சுற்றுவது, பாவு பிணைப்பது போன்ற வீட்டாரின் உழைப்பு அந்தக் கணக்கில் தனியே வருவதில்லை என்றும் அந்த வீட்டில் சொன்னார்கள். என் சங்கத்தார் நிலை இன்னும் சிக்கலானது. நாட்கூலி என்று வைத்தால், நாளை நெய்பவர்களே அவர்கள் ஆதலால், நாட்களின் எண்ணிக்கையை முந்நூற்று அறுபதோடு நிறுத்துவார்கள் என்பதற்கு உறுதியில்லை. சேலைக் கணக்கு என்றால் ஒரு சேலை முடிய ஓர் ஆண்டாகும். அதுவரை அடுப்பு எரிய வேண்டும். முன்பணம் கொடுத்தால் அதைக் கழிக்கும் கணக்கைச் சங்கம் பார்ப்பதா, ஊர் பார்ப்பதா என்ற வழக்கு எழும். இதில் எது தறிக்காரர்களுக்கு ஒத்துவரும் என்று தாங்களே எழுதி அனுப்ப வேண்டும். இம்முறை கேட்டுவிட்டே எழுதுகிறேன்.